கேம் பாரை நிறுத்துவது எப்படி? கூடவே வரும் அந்தப் பாப்-அப்பையும் சேர்த்து

அக்கா பையனின் லேப்டாப்பில் எந்த கேமைத் திறந்தாலும் ஒரு சின்னப் பெட்டி குறுக்கே வந்து நிற்கும். 'எம்எஸ்-கேமிங்ஓவர்லே' இணைப்பைத் திறக்க ஒரு ஆப் வேண்டும் என்று சொல்லி, கீழே ஸ்டோருக்குப் போக ஒரு பட்டன். பெட்டியை மூடலாம்தான். ஆனால் அதற்குள் முழுத்திரையில் ஓடிய கேம் டாஸ்க்பாருக்குள் போய்விடும். திரும்ப எடுத்துப் பார்த்தால் ஆட்டத்தில் அவன் அவுட். விளையாடும்போது கேமுக்கு மேலே திறந்து ரெக்கார்டிங், ஸ்கிரீன்ஷாட் எடுக்க விண்டோஸோடு வரும் ஆப்தான் கேம் பார். அது தனக்குத் தேவையில்லை என்று அவனே பவர்ஷெல்லில் (விண்டோஸுக்குக் கட்டளை தட்டும் ஜன்னல்) ஒரு கட்டளை கொடுத்து அதை நீக்கியிருந்தான். நீக்கிய நாளிலிருந்துதான் இந்தப் பெட்டி.

சரிசெய்ய எனக்கு இரண்டு மாலைகள் ஆயின. முதல் மாலை முழுக்க வீண். எதனால் என்பதை நான்காவது படியில் விரிவாகச் சொல்கிறேன். அவசரமானால் நேராக அங்கே போங்கள். ஆனால் இன்னும் எதையும் நீக்காதவர்கள் தயவுசெய்து வரிசையாகவே வாருங்கள்.

தொடங்கும் முன் (பிறகு சேர்த்தது)

இந்தப் பகுதி முதலில் இல்லை. படித்த ஒருவர் தன் பிராசஸர் ஏஎம்டி ரைசன் 9 7950எக்ஸ்3டி என்று எழுதிய பிறகு சேர்த்தேன். உங்களுடையதும் அதுவோ, 7900எக்ஸ்3டி, 9900எக்ஸ்3டி, 9950எக்ஸ்3டி ஆகியவற்றில் ஒன்றோ என்றால் கேம் பாரை நீக்கவே வேண்டாம். இவற்றில் கோர்கள், அதாவது பிராசஸருக்குள் கணக்குப் போடும் பகுதிகள், இரண்டு கூட்டமாக இருக்கும். கூடுதல் கேஷ் மெமரி (பிராசஸருக்குள்ளேயே இருக்கும் வேகமான மெமரி) ஒரு கூட்டத்துக்கு மட்டும்தான் உண்டு. ஓடுவது கேம்தான் என்பதை விண்டோஸுக்குக் கேம் பார் சொன்னால்தான், ஏஎம்டியின் டிரைவர் அந்த வேலையை கேஷ் அதிகமுள்ள பக்கம் தள்ளும். கேம் பார் இல்லாவிட்டால் வேகம் கூடுவதற்குப் பதிலாகக் குறையலாம். நீங்கள் முதல் படியை மட்டும் செய்துவிட்டு நிறுத்திக்கொள்ளுங்கள். 7800எக்ஸ்3டி, 5800எக்ஸ்3டி போன்றவற்றில் ஒரே கூட்டம்தான், அவர்களுக்கு இந்தக் கவலை இல்லை.

படி 1: பின்னணி ரெக்கார்டிங்

விண்டோஸ் கீயோடு ஐ அழுத்தி செட்டிங்ஸைத் திறங்கள். கேமிங், அதற்குள் கேப்சர்ஸ். அங்கே 'ரெக்கார்ட் வாட் ஹேப்பண்ட்' என்று ஒரு டாகிள் இருக்கும். அதை ஆஃப் செய்யுங்கள். விண்டோஸ் 10-ல் இதே கேப்சர்ஸ் பக்கத்தில் 'ரெக்கார்ட் இன் த பேக்ரவுண்ட்' என்று தொடங்கும் வரி.

இது ஆனில் இருந்தால், நீங்கள் ரெக்கார்ட் பட்டனைத் தொடாவிட்டாலும் கடைசி 30 விநாடி ஆட்டம் எப்போதும் தயாராக இருக்கும்படி கம்ப்யூட்டர் வீடியோ எடுத்துக்கொண்டே இருக்கும். 8 ஜிபி ரேம், தனி கிராபிக்ஸ் கார்டு இல்லாத லேப்டாப் என்றால் அந்தச் சுமை கண்ணுக்கே தெரியும். புது விண்டோஸில் இது ஆஃபில்தான் வரும். ஆனால் யாரோ எப்போதோ ஒரு கோல் போட்ட காட்சியைப் பிடிக்க ஆன் செய்துவிட்டு மறந்திருப்பார்கள். பையன் லேப்டாப்பில் அப்படித்தான் இருந்தது. கேம் திணறுகிறது என்பது மட்டும்தான் உங்கள் பிரச்சினை என்றால், பலருக்கு இந்த ஒரு டாகிளே போதும்.

படி 2: கன்ட்ரோலர் பட்டன்

அதே கேமிங் பகுதியில் கேம் பார் என்ற பக்கம். விண்டோஸ் 11-ல் இங்கே இருப்பது, கன்ட்ரோலரின் நடு பட்டனை அழுத்தினால் கேம் பார் திறக்கலாமா என்ற கேள்வி மட்டும்தான். ஆஃப் செய்யுங்கள். கன்ட்ரோலர் வைத்திருக்காதவர்களும் செய்துவிடுங்கள், பின்னால் ஒன்று வாங்கினால் தொல்லை இருக்காது. விண்டோஸ் 10-ல் கேம் பாரையே மொத்தமாக நிறுத்தும் டாகிள் இந்தப் பக்கத்தில்தான் உண்டு.

பக்கத்திலேயே கேம் மோட் என்று ஒன்று தெரியும். பெயர் ஒத்துப்போகிறதே என்று அதையும் ஆஃப் செய்ய வேண்டாம். அது வேறு. விளையாடும்போது விண்டோஸ் அப்டேட் எந்த டிரைவரையும் இன்ஸ்டால் செய்யாமலும் ரீஸ்டார்ட் கேட்டுத் தொந்தரவு செய்யாமலும் அதுதான் பார்த்துக்கொள்கிறது.

படி 3: பின்னணியில் ஓடாமல் செய்தல்

செட்டிங்ஸில் ஆப்ஸ், இன்ஸ்டால்ட் ஆப்ஸ். பட்டியலில் கேம் பார் அல்லது எக்ஸ்பாக்ஸ் கேம் பார் என்று இருக்கும். வலது ஓரத்து மூன்று புள்ளியைத் தொட்டு அட்வான்ஸ்ட் ஆப்ஷன்ஸ். பின்னணி அனுமதியை 'நெவர்' ஆக்குங்கள். கொஞ்சம் கீழே இறங்கி 'டெர்மினேட்' அழுத்துங்கள். முடிந்தது.

விண்டோஸ் கீயும் ஜி-யும் சேர்ந்து அழுந்தினால் அது இன்னமும் எட்டிப்பார்க்கலாம். ஆனால் தானாக எழுந்து வந்து நிற்காது. என்னைக் கேட்டால் இத்தோடு விட்டுவிடலாம். நிறுத்தி வைத்த ஆப் டிஸ்க்கில் கொஞ்சம் இடம் எடுத்துக்கொண்டு சும்மா கிடக்கும், யாருக்கும் கெடுதல் இல்லை. அதை வேரோடு பிடுங்கப் போனால்தான் அடுத்த படிக்கு வர நேரும்.

படி 4: ஆப்பை நீக்கியவர்களுக்கு, பெட்டியை நிறுத்துவது

இது ஏன் வருகிறது என்று புரிந்துகொண்டால் பாதி வேலை முடிந்தது. நீங்கள் நீக்கியது ஓவர்லேயை, அதாவது கேமுக்கு மேலே தெரியும் திரையை மட்டும்தான். கேமை அடையாளம் காணும், ரெக்கார்ட் செய்யும் பகுதி விண்டோஸுக்குள்ளேயே இருக்கிறது, அதற்குக் கேம் டிவிஆர் என்று பெயர். கேம் திறந்ததும் அது வழக்கம்போல ஓவர்லேயைக் கூப்பிடுகிறது. கூப்பிட்ட ஆள் வீட்டில் இல்லை. அதனால் விண்டோஸ் உங்களிடம் வந்து, இந்த இணைப்பைத் திறக்க ஆப் எங்கே என்று கேட்கிறது. ஆகவே கூப்பிடுகிறவனை நிறுத்த வேண்டும்.

விண்டோஸ் தன் செட்டிங்ஸை எல்லாம் சேமித்து வைக்கும் இடம் ரெஜிஸ்ட்ரி. ஸ்டார்ட்டில் ரெஜிஸ்ட்ரி எடிட்டரைத் தேடுங்கள். அதைச் சாதாரணமாகத் திறங்கள். 'ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்' கொடுக்காதீர்கள்.

என் முதல் மாலை போனது இந்த இடத்தில்தான். பையனின் அக்கவுன்ட் சாதாரண அக்கவுன்ட், அட்மின் பாஸ்வேர்டு அக்காவிடம் இருக்கிறது. ரெஜிஸ்ட்ரி என்றாலே அட்மின் வேண்டும் என்ற பழக்கத்தில் அக்காவைக் கூப்பிட்டு பாஸ்வேர்டு போடச் சொன்னேன். மதிப்புகளை மாற்றினேன், ரீஸ்டார்ட் செய்தேன், கேமைத் திறந்தேன். பெட்டி வந்தது. மறுபடி போய்ப் பார்த்தால் இரண்டு மதிப்பும் ஒழுங்காகப் பூஜ்யத்தில் நிற்கின்றன. மூன்று முறை இப்படி. பிறகுதான் உறைத்தது: அக்கா பாஸ்வேர்டு போட்டதும் ரெஜிஸ்ட்ரி எடிட்டர் திறப்பது அக்காவின் பெயரில். அங்கே 'கரன்ட் யூசர்' என்றால் அது அக்கா. நான் மாற்றியதெல்லாம் கேமே விளையாடாத அக்காவின் அக்கவுன்ட்டில். பையனின் அக்கவுன்ட்டில் ஒரு துரும்பும் அசையவில்லை.

வீட்டில் எல்லாருக்கும் ஒரே அக்கவுன்ட் என்றால் இந்தச் சிக்கல் வராது. பிள்ளைகளுக்குத் தனி அக்கவுன்ட் வைத்திருக்கும் வீடுகளில் நிச்சயம் வரும். பிள்ளையின் அக்கவுன்ட்டுக்குள் போய், அவன் பெயரிலேயே திறங்கள். இந்த இரண்டு மதிப்புக்கும் அட்மின் அனுமதி தேவையே இல்லை.

முதல் இடம்: ஹெச்கீ கரன்ட் யூசர், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், விண்டோஸ், கரன்ட்வெர்ஷன், கேம்டிவிஆர். இந்த ஃபோல்டர் மேல் ரைட் கிளிக் செய்து எக்ஸ்போர்ட் கொடுத்து ஒரு நகல் எடுத்து வையுங்கள். வலப்பக்கம் 'ஆப்கேப்சர்எனேபிள்ட்' இருக்கும், இடைவெளி இல்லாமல் ஒரே சொல்லாக. டபுள் கிளிக் செய்து மதிப்பை 0 ஆக்குங்கள். இல்லை என்றால் வெற்றிடத்தில் ரைட் கிளிக், நியூ, 32-பிட் டிவேர்டு (எண்ணைச் சேமிக்கும் வகை), அந்தப் பெயர்.

இரண்டாவது இடம்: மறுபடி ஹெச்கீ கரன்ட் யூசரில் தொடங்கி, சிஸ்டம், கேம்கான்ஃபிக்ஸ்டோர். இதையும் எக்ஸ்போர்ட் செய்துவிட்டு 'கேம்டிவிஆர்_எனேபிள்ட்' என்பதை 0 ஆக்குங்கள். இதில் நடுவே அடிக்கோடு உண்டு, முதலாவதில் கிடையாது. புதிதாக உருவாக்கும்போது அடிக்கோட்டை விட்டுவிட்டால் விண்டோஸ் அதைக் கண்டுகொள்ளாது, தப்பு என்றும் சொல்லாது.

சைன் அவுட் செய்து திரும்ப உள்ளே வாருங்கள். கேமைத் திறங்கள். பெட்டி வரக்கூடாது. இரண்டாம் மாலை பையன் ஒரு ஆட்டம் முழுக்க ஆடி முடிக்கும் வரை பக்கத்திலேயே உட்கார்ந்து பார்த்தேன், வரவில்லை.

ரெஜிஸ்ட்ரியைத் தொடப் பயமாக இருந்தால் எளிய வழி ஒன்று உண்டு. மைக்ரோசாஃப்ட் ஸ்டோரில் கேம் பாரைத் தேடித் திரும்ப இன்ஸ்டால் செய்துவிட்டு, முதல் மூன்று படிகளைச் செய்யுங்கள். பெட்டி நின்றுவிடும்.

ஒரே கிளிக்கில் விண்டோஸைச் சுத்தம் செய்கிறேன் என்று வரும் ஸ்கிரிப்டுகளை மட்டும் ஓட்டாதீர்கள். அது எதையெல்லாம் மாற்றியது என்று உங்களுக்குத் தெரியாது. நாளை ஏதாவது கெட்டால் எங்கே தேடுவது? கையால் மாற்றிய இரண்டு மதிப்பை எப்போது வேண்டுமானாலும் 1 ஆக்கிக்கொள்ளலாம்.

ரெக்கார்டிங்குக்கு இனி என்ன செய்வது என்று பையன் கேட்டான். ஓபிஎஸ் என்ற ரெக்கார்டிங் ஆப்பைப் போட்டுக் கொடுத்தேன். இலவசம், வேண்டும்போது மட்டும் ஓடும், எந்தத் தரத்தில் எங்கே சேமிப்பது என்பதெல்லாம் நம் கையில். ஸ்கிரீன்ஷாட்டுக்கு விண்டோஸ் கீ, ஷிஃப்ட், எஸ் போதும். பழைய கிளிப்புகள் வீடியோஸ் ஃபோல்டருக்குள் கேப்சர்ஸில் இருக்கும். கேம் பாரை நிறுத்தினாலும் நீக்கினாலும் அவை அழியாது.

இன்னும் இரண்டு சிக்கல்கள் (பிறகு சேர்த்தது)

நான்கு படியும் முடித்த ஒருவருக்கு, கன்ட்ரோலரின் நடு பட்டனை அழுத்தும்போது மட்டும் பெட்டி வந்தது. ஆப்பை நீக்கும் முன் இரண்டாவது படியை அவர் செய்யவில்லை. ரெஜிஸ்ட்ரியில் கரன்ட் யூசர், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், கேம்பார் என்று போய் 'யூஸ்நெக்ஸஸ்ஃபார்கேம்பார்எனேபிள்ட்' என்பதை 0 ஆக்கியதும் நின்றது. இல்லாவிட்டால் மேலே சொன்ன அதே டிவேர்டு முறையில் உருவாக்குங்கள்.

இன்னொருவர் எல்லாம் செய்தும் ஓவர்லே போகவில்லை என்றார். எந்தக் கீயை அழுத்தினால் வருகிறது என்று கேட்டேன். ஷிஃப்ட்டும் டேபும் என்றார். அது ஸ்டீமின் ஓவர்லே, ஸ்டீம் செட்டிங்ஸில் இன்-கேம் பகுதியில் நிறுத்த வேண்டும். ஆல்ட்டும் இஸட்டும் என்றால் என்விடியாவுடையது, அதன் ஆப்பில் நிறுத்த வேண்டும். உங்களுக்கும் போகவில்லை என்றால் முதலில் எந்தக் கீயில் வருகிறது என்று பார்த்துவிட்டு எழுதுங்கள்.