சஸ்பெண்ட் அப்பீல் கிடப்புல கிடக்குதா? ஹைகோர்ட்ல கெடு வாங்குறது எப்படி

சஸ்பெண்ட் ஆர்டர் மேல அப்பீல் போட்டுட்டு மாசக்கணக்கா பதில் வராம, பாதிச் சம்பளத்துல வீட்டு வாடகையும் பிள்ளைங்க பீஸும் கட்டிட்டு ஊட்டி, கூடலூர் பக்கம் பல பேர் தவிக்கிறாங்க, அவங்களுக்காகத்தான் இது, தயவுசெஞ்சு சும்மா காத்துட்டு இருக்காதீங்க.

எந்தக் கோர்ட்டுன்னு மொதல்ல பாருங்க. மாநில அரசு ஊழியர்னா இப்ப தனி டிரிப்யூனல் கிடையாது, நேரா ஹைகோர்ட்ல அரசியல் சட்டம் 226-வது பிரிவுல ரிட் மனுதான். நீலகிரிக்காரங்க சென்னைக்குப் போகணும், கொடைக்கானல், பழனி ஆளுங்க திண்டுக்கல் மாவட்டம்ங்கறதால மதுரைக் கிளைக்கு. வெலிங்டன் ராணுவ ஆபீஸ் சிவிலியன், போஸ்ட் ஆபீஸ்காரங்கன்னா மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம், டிபார்ட்மென்ட்ல அப்பீல் போட்டு 6 மாசமாகியும் ஆர்டர் வரலன்னா அதுக்கப்புறம் 1 வருஷத்துக்குள்ள அந்தத் தீர்ப்பாயத்துல கேஸ் போட்டாகணும். தனியார் எஸ்டேட்னா இதெல்லாம் சரிப்படாது, லேபர் ஆபீஸ்ல விசாரிங்க.

என்ன கேக்குறீங்கங்கறதுலதான் விஷயமே இருக்கு. சஸ்பென்ஷனையே ரத்து பண்ணுங்கன்னு போனா கவுன்ட்டர் (பதில் மனு) போட டைம் வேணும்னு அரசுத் தரப்புல இழுப்பாங்க, அதுக்குப் பதிலா "இன்ன தேதில நான் குடுத்த அப்பீலை இத்தனை வாரத்துக்குள்ள முடிவு பண்ணச் சொல்லுங்க"ன்னு மேண்டமஸ் (அதிகாரி தன் கடமையச் செய்யணும்னு கோர்ட் போடுற உத்தரவு) கேட்டீங்கன்னா, யார் பக்கம் நியாயம்னு கோர்ட் உள்ள போகத் தேவையில்ல, பல நேரம் அட்மிஷன்லயே, அதாவது கேஸ் மொதல்ல விசாரணைக்கு வர்றப்பவே, ஆர்டர் கிடைச்சிரும். அப்பீல் குடுத்ததுக்கு அத்தாட்சி கண்டிப்பா வேணும், சீல் போட்ட காப்பியோ அக்னாலெட்ஜ்மென்ட் கார்டோ. அப்பீல் எந்த நிலைல இருக்குன்னு ஆர்டிஐ-ல கேளுங்க, 30 நாள்ல பதில் தரணும், அந்தப் பதிலும் கேஸுக்கு உதவும்.

அப்பீல்லயே ஒரு பாயின்ட் எழுதிடுங்க. அஜய் குமார் சவுத்ரி கேஸ்ல 2015-ல சுப்ரீம் கோர்ட், 3 மாசத்துக்குள்ள சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டுக் குறிப்பாணை) தரலன்னா சஸ்பென்ஷன நீட்டக் கூடாது, மெமோ குடுத்திருந்தா நீட்டுறதுக்குக் காரணம் எழுதணும்னு சொல்லிருக்கு. ஆனா 3 மாசம் முடிஞ்சதும் சஸ்பென்ஷன் தானா போயிரும்னு நம்பிராதீங்க, 2022-ல மெட்ராஸ் ஹைகோர்ட் ஃபுல் பெஞ்ச் (பல நீதிபதிகள் சேந்த பெரிய அமர்வு) அப்படி இல்லன்னு தெளிவா சொல்லிருச்சு.

இன்னொண்ணு, பர்மிஷன் இல்லாம ஹெட்குவார்ட்டர்ஸ (ஆர்டர்ல உங்களுக்குக் குறிச்ச ஊர) விட்டுப் போகக் கூடாதுன்னு உங்க ஆர்டர்ல இருக்கும். வக்கீலப் பாக்கணும்னு கெளம்பி மலை இறங்குனா அதுவே இன்னொரு சார்ஜ் ஆயிரும், அதனால எழுதிக் குடுத்து பர்மிஷன் வாங்குங்க, இல்லன்னா வக்காலத்துலயும் அஃபிடவிட்லயும் உள்ளூர் வக்கீல் முன்னாடி கையெழுத்து போட்டு அனுப்புங்க, அது செல்லும்.

ஆர்டர் வந்ததும் அசந்துராதீங்க. "காப்பி கிடைச்ச நாள்லருந்து இத்தனை வாரம்"னுதான் பெரும்பாலும் இருக்கும், அப்ப நீங்க காப்பிய கொண்டுபோய்க் குடுத்தாத்தான் கெடுவே ஓட ஆரம்பிக்கும். கவரிங் லெட்டரோட ஸ்பீட் போஸ்ட்ல அனுப்பி டெலிவரி ஆன அத்தாட்சிய பத்திரமா வைங்க. கெடு தாண்டியும் அசையலன்னா கன்டெம்ப்ட் (கோர்ட் அவமதிப்பு) மனு போடலாம், அதுக்கு 1 வருஷம்தான் டைம்.