அப்பா தானே எழுந்த நாற்காலி

சோபாவிலிருந்து எழ அப்பாவுக்கு ஒவ்வொரு முறையும் யாராவது கை கொடுக்க வேண்டியிருந்தது. கூப்பிடக் கூச்சப்பட்டு, தாகம் எடுத்தாலும் உட்கார்ந்தே இருந்துவிடுவார். கூடுதல் மெத்தை போட்டேன். அமுங்கிப் பழைய உயரத்துக்கே வந்தது. கைப்பிடி வைத்த மர நாற்காலிக்கு மாற்றியும் பாதி எழுந்து மறுபடி உட்கார்ந்தார்.

காரணம் கீழே இருந்தது. முன்கால்களை இணைக்கும் குறுக்குச் சட்டம் அவர் குதிகாலைத் தடுத்துக்கொண்டிருந்தது. பாதம் முழங்காலுக்குச் சற்றுப் பின்னால் போனால்தான், முன்னே சாயும்போது உடல் எடை பாதத்தின் மேல் இறங்கும். எடைக்கு வழியில்லாமல் கையை மட்டும் பிடித்து இழுத்து என்ன பயன்?

முன்பக்கம் சட்டமில்லாத, இருக்கை சற்று உயரமான, அசையாத நாற்காலியைச் சுவரோரம் போட்டோம். இருக்கையின் விளிம்புக்கு நகர்ந்து, பாதங்களைப் பின்னுக்கு இழுத்து, மூக்கு கால்விரலுக்கு நேரே வரும்வரை குனிந்து, கைப்பிடியை அழுத்தி எழுந்தார். கை நீட்டிய என்னிடம், “தள்ளி நில்” என்றார்.