விஎஃப்எக்ஸ் துறையில் நுழைவதும் நிலைப்பதும்

விஎஃப்எக்ஸ் (திரைப்படக் காட்சிகளில் கணினியால் சேர்க்கும் காட்சி விளைவுகள்) துறைக்கு வர விரும்புகிறவர்கள் பெரும்பாலும் எந்த மென்பொருளைக் கற்பது என்றுதான் முதலில் கேட்கிறார்கள். ஒரு ஷாட்டைப் பார்த்தவுடன் அதில் எது பொய்யாகத் தெரிகிறது, ஏன் அப்படித் தெரிகிறது என்று சொல்லும் பார்வையை வளர்ப்பதே முதல் வேலை என்பது என் உறுதியான கருத்து. முன்பு ரோட்டோ (உருவத்தை விளிம்போடு பிரித்தெடுத்தல்), பெயின்ட் (தேவையற்றதை அழித்தல்), மேட்ச்மூவ் (கேமராவின் அசைவைக் கணினியில் மீட்டெடுத்தல்) ஆகிய தொடக்கநிலைப் பணிகளைச் செய்துகொண்டே புதியவர்கள் அந்தப் பார்வையைப் பெற்றார்கள். காட்சிகளை ஒன்றிணைக்கும் மென்பொருளான நியூக்கின் 2021இல் வெளிவந்த 13ஆம் பதிப்பிலிருந்த காப்பிகேட் கருவியோ, கலைஞர் சில ஃபிரேம்களில் செய்துகாட்டும் வேலையிலிருந்து கற்று, மற்ற ஃபிரேம்களைத் தானே நிரப்பத் தொடங்கியது. இத்தகைய கருவிகள் பெருகப் பெருக, அந்தப் பயிற்சியைப் புதியவரே தமக்கு அமைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

அதற்கு நீங்களே எடுத்த காட்சியிலிருந்து தொடங்குங்கள். லென்ஸும் ஒளி வந்த திசையும் உங்களுக்குத் தெரிந்திருக்கும் என்பதால் பிழையின் காரணத்தைக் கண்டுபிடிக்கலாம். படம் எடுத்த இடத்திலேயே ஒளியையும் பிரதிபலிப்பையும் பின்னர் ஒப்பிட ஒரு சாம்பல் நிறப் பந்தையும் பளபளப்பான பந்தையும் வைத்துப் பதிவுசெய்து, பிறகு பிளெண்டர் என்ற முப்பரிமாண மென்பொருளில் உருவாக்கிய ஒரு பொருளை அக்காட்சியில் பொருத்துங்கள். நிழலின் கருமை, கிரெய்ன் (படத்தில் தெரியும் நுண்புள்ளிகள்), லென்ஸால் வரும் வளைவு, விளிம்பின் மென்மை ஆகியவற்றை ஒவ்வொன்றாக ஒப்பிடுங்கள். நொடிக்கு 24 ஃபிரேம், 180 டிகிரி ஷட்டர் (ஃபிரேம் நேரத்தில் பாதி மட்டும் ஷட்டர் திறந்திருப்பது) என்றால் ஒவ்வொரு ஃபிரேமும் 1/48 நொடி ஒளியைப் பதிவுசெய்கிறது. உங்கள் பொருளின் மோஷன் பிளர் (அசைவால் வரும் மங்கல்) அதற்கு ஒத்துவராவிட்டால், காரணம் தெரியாத பார்வையாளருக்கும் ஏதோ ஒட்டவில்லை என்று தோன்றிவிடும்.

காம்பாசிட்டிங் (தனித்தனிப் படங்களை ஒரே காட்சியாக இணைத்தல்), லைட்டிங் (ஒளியமைத்தல்), எஃபெக்ட்ஸ் (தீ, புகை, நீர் போன்றவற்றை உருவாக்குதல்) என ஏதேனும் ஒரு பிரிவில் ஆழமாகப் போங்கள். பைத்தான் என்ற நிரல்மொழியும் ஓரளவு தெரிந்திருக்கட்டும்.

வேலை தேடும்போது உங்கள் ஷாட்டுகளைத் தொகுத்துக் காட்டும் ஷோரீல் இரண்டு நிமிடத்தைத் தாண்ட வேண்டாம். மிகச் சிறந்த ஷாட்டை முதலில் வைத்து, ஒவ்வொன்றிலும் நீங்கள் செய்தது எது, பிறர் செய்தது எது என்பதை பிரேக்டவுனில் (ஷாட் உருவான படிநிலை விளக்கத்தில்) தெளிவாகக் காட்டுங்கள். சுமாரான ஷாட்டை நீக்கத் தயங்காதீர்கள். அதை உள்ளே விட்டதே உங்கள் தேர்வுத்திறனைக் குறைத்துக் காட்டும்.

நிறுவனத்தின் பெயரை மட்டும் நம்பி வாழ்க்கையைத் திட்டமிடுவது ஆபத்தானது. விஎஃப்எக்ஸ் நிறுவனமான ரிதம் அண்ட் ஹ்யூஸ் 2013 பிப்ரவரியில் திவால் பாதுகாப்புக் கோரியது; அதே மாதத்தில்தான் அதன் வேலைக்கு ஆஸ்கர் விருது கிடைத்தது. 2025 பிப்ரவரியில் டெக்னிகலர் குழுமம் சரிந்தபோது அதற்குச் சொந்தமான எம்பிசி, தி மில் போன்ற புகழ்பெற்ற ஸ்டுடியோக்களின் கலைஞர்களும் பாதிக்கப்பட்டார்கள். விலை முன்கூட்டியே பேசி முடிக்கப்பட்ட வேலையில் மாற்றங்கள் மட்டும் தொடர்ந்து கேட்கப்படும்போது அந்தச் சுமை முதலில் ஸ்டுடியோவின் மீதும், பிறகு கலைஞர்களின் இரவுகள் மீதும் விழுகிறது. இது திறமைக் குறைவால் வருவதன்று.

ஆகவே கையெழுத்திடும் முன்பே கூடுதல் நேரத்துக்கான ஊதியம், வேலை நீக்க அறிவிப்புக் காலம், திரையில் பெயர் இடம்பெறுவது, படம் வெளியான பிறகு ஷாட்டுகளை ஷோரீலில் காட்டும் உரிமை ஆகியவற்றை எழுத்தில் கேட்டுப் பெறுங்கள். வேலையில் இருக்கும்போதே, ரகசிய ஒப்பந்தத்தை மீறாமல், எந்தப் படத்தில் எந்த ஷாட்டில் என்ன செய்தீர்கள் என்ற குறிப்பைத் தனியே வைத்திருங்கள். ஸ்டுடியோ மூடப்பட்டபின் அந்த விவரங்களைக் கேட்டுப் பெற அங்கே ஆள் இருக்கமாட்டார்கள்.