நெர்ஃப் துப்பாக்கியை வீட்டில் பிரிக்கிறீர்களா? ஸ்பிரிங்கில் ஆரம்பிக்காதீர்கள்

ஃபோம் டார்ட்டைச் சுடும் பொம்மையான நெர்ஃப் துப்பாக்கியை மாற்றியமைக்கும் ஆசை வந்ததும் எல்லோரும் முதலில் தேடுவது பலமான ஸ்பிரிங்கைத்தான். ‘5 கிலோ ஸ்பிரிங்’ என்று இணையத்தில் விற்கிறார்கள், வீடியோவில் டார்ட் விர்ரென்று பறக்கிறது, வாங்கிப் போட்டுவிடுகிறார்கள். கொஞ்ச நாள் நன்றாகத்தான் ஓடும். அப்புறம் உள்ளே ஏதோ ஒன்று ‘டக்’கென்று உடையும். ஆசையாக வாங்கிய பொருள் பரணுக்குப் போய்விடும். பலமான ஸ்பிரிங் போடவே கூடாது என்று நான் சொல்லவில்லை. அது கடைசியாகச் செய்ய வேண்டிய வேலை. அதற்கு முன்னால் பார்க்க வேண்டியவை நிறைய இருக்கின்றன, அவற்றில் பலவற்றுக்குச் செலவே கிடையாது.

இந்தத் துப்பாக்கிகளில் இரண்டு வகை உண்டு. ரிட்டாலியேட்டர் மாதிரியானவை ஸ்பிரிங் வகை: பின்னால் இழுத்துவிட்டு விசையை அழுத்தினால், சைக்கிள் பம்பு மாதிரி ஒரு பிஸ்டன் முன்னால் பாய்ந்து காற்றைத் தள்ளும், காற்று டார்ட்டைத் தள்ளும். இந்தப் பிஸ்டனைத்தான் பிளஞ்சர் என்கிறார்கள். ஸ்ட்ரைஃப் மாதிரியானவை மோட்டார் வகை: எதிரெதிராகச் சுழலும் இரண்டு சக்கரங்களுக்கு நடுவே டார்ட் சிக்கி வெளியே வீசப்படும். இரண்டிலும் நடக்கும் தவறுகள் வேறு வேறு.

பிரிக்கும்போதே நடக்கும் தவறுகள்

ஸ்குரூவைக் கழற்றுகிற அவசரத்தில் மேல் ஓட்டைப் படக்கென்று தூக்கினால், உள்ளே இருக்கும் சின்னச் சின்ன ஸ்பிரிங்குகள் எங்கே பறந்தன என்றே தெரியாது. விசைக்கு ஒன்று, பிளஞ்சரைப் பிடித்து நிறுத்தும் கொக்கிக்கு ஒன்று, பாதுகாப்புப் பூட்டுகளுக்குத் தனியாக என்று பல இருக்கும், பார்க்க ஏறக்குறைய ஒரே மாதிரி இருக்கும். ஓட்டை மெதுவாக ஒரு பக்கமாகத் தூக்கி, எதையும் தொடுவதற்கு முன் செல்போனில் ஒரு படம் எடுங்கள். ஒவ்வொரு பாகத்தை எடுக்கும்போதும் ஒன்று.

ஓடு வரவில்லை என்றால் ஸ்குரூ டிரைவரை விட்டு நெம்பாதீர்கள். ஸ்டிக்கருக்கு அடியிலோ, இழுப்புக் கைப்பிடிக்கு உள்ளேயோ ஒரு ஸ்குரூ ஒளிந்திருக்கும். 2020-இல் வந்த எலைட் 2.0 வரிசையில் பல மாடல்களில் சில பாகங்களை ஒட்டியே அனுப்புகிறார்கள். அவற்றை நெம்பினால் பிளாஸ்டிக்தான் விரியும். முதல்முறை கைவைப்பவருக்குப் பழைய எலைட் மாடல் ஒன்றே நல்லது.

திரும்ப மூடும்போது எலக்ட்ரிக் ஸ்குரூ டிரைவர் வேண்டவே வேண்டாம். இவை பிளாஸ்டிக்கில் தானே மரை வெட்டிக்கொண்டு இறங்கும் ஸ்குரூக்கள். ஸ்குரூவை அதன் துளையில் வைத்து முதலில் இடப்பக்கமாக மெதுவாகத் திருப்புங்கள். லேசாக ஒரு ‘க்ளிக்’ வரும். பழைய மரையில் உட்கார்ந்துவிட்டது என்று அர்த்தம். அதன் பிறகு வலப்பக்கமாக முறுக்கினால் மரை பல வருடம் தாங்கும். இந்தச் சின்னப் பழக்கம் இல்லாததால் வீணாகிற ஓடுகள்தான் அதிகம்.

காற்று எங்கே போகிறது?

ஸ்பிரிங் வகையில் வேகத்தைத் தீர்மானிப்பது பிளஞ்சர் தள்ளும் காற்றில் எவ்வளவு டார்ட்டுக்குப் பின்னால் போய்ச் சேருகிறது என்பதுதான். ஓரத்தில் கசிந்தால் எவ்வளவு பலமான ஸ்பிரிங் போட்டாலும் அந்தப் பலம் வீண். சோதித்துப் பார்ப்பது சுலபம். முன்னால் மாட்டியிருக்கும் அலங்காரக் குழாயைக் கழற்றிவிட்டு, டார்ட் எதுவும் உள்ளே இல்லை என்று உறுதி செய்துகொண்டு, இழுத்துப் பூட்டி, காற்று வரும் வாயை உள்ளங்கையால் நன்றாக அடைத்து விசையை அழுத்துங்கள். பிளஞ்சர் தயங்கித் தயங்கி முன்னால் வந்தால் காற்று அடைபடுகிறது, நல்லது. கை வைத்தும் ‘படார்’ என்று ஓடிவந்து இடித்தால் கசிவு இருக்கிறது.

கசிவுக்குக் காரணம் பெரும்பாலும் பிளஞ்சர் தலையைச் சுற்றியிருக்கும் ஓ-ரிங் என்ற ரப்பர் வளையம் தளர்ந்திருப்பது. பிளம்பர் பயன்படுத்தும் டெஃப்லான் டேப் போதும். ஓ-ரிங்கைக் கழற்றி, அது உட்காரும் பள்ளத்தில் டேப்பை ஒரு சுற்றோ இரண்டு சுற்றோ சுற்றி, மேலே ஓ-ரிங்கைத் திரும்பப் போட வேண்டும். இங்கேதான் அடுத்த தவறு: ‘இன்னும் இறுக்கமாக இருக்கட்டும்’ என்று ஐந்தாறு சுற்று சுற்றிவிடுவது. உராய்வு கூடிப் பிளஞ்சரே மெதுவாகிவிடும். ஸ்பிரிங் இல்லாமல் கையால் தள்ளிப் பாருங்கள். விரல் அழுத்தத்துக்கு வழுக்கிப் போக வேண்டும், வாயை அடைத்தால் காற்று மெத்தை மாதிரி எதிர்க்க வேண்டும். அந்த இடத்தில் நிறுத்திக்கொள்ளுங்கள்.

மசகுக்கு சிலிகான் கிரீஸ்தான் சரி. தண்ணீர் ஃபில்டரின் ரப்பர் வளையங்களுக்குப் போடுவார்களே, அதேதான். நம் வீடுகளில் எது கிறீச்சிட்டாலும் தேங்காய் எண்ணெய் விடுகிற வழக்கம் இருக்கிறது. இதில் வேண்டாம், நாளாக நாளாகப் பிசுபிசுத்துத் தூசியைப் பிடித்து வைக்கும். டபிள்யூடி-40-உம் இதற்கான பொருள் அல்ல. கிரீஸ் மாதிரி அது நிலைத்து நிற்காது.

அடுத்து, எல்லா வீடியோவிலும் முதலில் பிடுங்கி எறியச் சொல்லும் பாகம்: குழாயின் பின்முனையில் இருக்கும் காற்றுத் தடுப்பு. டார்ட் இருந்தால் திறக்கும், இல்லாவிட்டால் மூடிக்கொள்ளும் ஒரு சின்ன வால்வு அது. எடுத்துவிட்டால் காற்று தடையில்லாமல் போகும், வேகம் கொஞ்சம் கூடும், உண்மைதான். ஆனால் டார்ட் இல்லாமல் சுடும்போது அந்த அடைபட்ட காற்றுதான் பிளஞ்சரின் இடியைத் தாங்கிக்கொண்டிருந்தது. எடுத்த பிறகு வெறுமனே சுட்டு விளையாடினால் ஒவ்வொரு முறையும் பிளாஸ்டிக் மேல் பிளாஸ்டிக் மோதும். எடுப்பதானால் பிளஞ்சர் தலையில் மெல்லிய ரப்பரோ ஃபோமோ ஒட்டுங்கள், வெறும் துப்பாக்கியைச் சுடும் பழக்கத்தையும் விடுங்கள்.

குழாய் நீளமானால் தூரம் கூடும் என்பது இன்னொரு நம்பிக்கை. பிளஞ்சரில் இருக்கும் காற்றுக்கு ஒரு அளவு இருக்கிறது. அந்தக் காற்று விரிந்து முடிந்த பிறகும் டார்ட் குழாய்க்குள் உரசிக்கொண்டே போனால் வேகம் குறையத்தான் செய்யும். ரிட்டாலியேட்டருடன் வரும் அந்த அழகான முன்குழாயும் டார்ட்டுக்கு எந்த உதவியும் செய்வதில்லை, அது தோற்றத்துக்குத்தான்.

ஸ்பிரிங் மாற்றும்போது

இத்தனையும் ஆன பிறகும் போதவில்லை என்றால் ஸ்பிரிங்குக்கு வரலாம். முதல் தவறு, பழைய ஸ்பிரிங்குக்குள் இன்னொன்றைச் செருகுவது. இரண்டும் பின்னிக்கொண்டு நடுவழியில் மாட்டும். இரண்டாவது, நீளம் பார்க்காமல் வாங்குவது. முழுதாக இழுக்கும்போது ஸ்பிரிங்கின் சுருள்கள் ஒன்றோடொன்று முட்டிவிட்டால் பிளஞ்சர் கொக்கி வரைக்கும் வந்தே சேராது. பலம் கொடுத்து இழுத்தால் கைப்பிடியோ அதன் கம்பியோ உடையும்.

மூன்றாவதுதான் ஆபத்தானது. பிளஞ்சரைப் பிடித்து நிறுத்துவது ஒரு சின்னப் பிளாஸ்டிக் கொக்கி. அதைத் தள்ளிக்கொண்டிருப்பது ஒரு மெல்லிய ஸ்பிரிங். பெரிய ஸ்பிரிங்கை மட்டும் மாற்றிவிட்டு இவற்றை அப்படியே விட்டால் கொக்கியின் விளிம்பு தேய்ந்து உருண்டுபோகும். ஒருநாள் இழுத்துப் பூட்டிக் கீழே வைத்தது, யாரும் தொடாமலே சுடும். கொக்கி ஸ்பிரிங்கையும் சேர்த்து மாற்றுங்கள், அவ்வப்போது பிரித்துக் கொக்கியின் விளிம்பைப் பாருங்கள். மழுங்கியிருந்தால் பழைய ஸ்பிரிங்குக்குத் திரும்பிவிடுவதுதான் புத்திசாலித்தனம்.

விரிசல் விட்ட பாகத்தில் ஃபெவிக்விக் விடுவதும் நிலைக்காது. காய்ந்ததும் மொறுமொறுவென்று ஆகிவிடும், இடியைத் தாங்காது, வழிந்தால் நகரும் பாகத்தையும் சேர்த்து ஒட்டிவிடும். நகராத இடமாக இருந்தால் எம்-சீல் மாதிரி எபாக்ஸி பரவாயில்லை.

மோட்டாரும் பேட்டரியும்

ஸ்ட்ரைஃப் நான்கு ஏஏ பேட்டரியில் ஓடுகிறது, மொத்தம் 6 வோல்ட். இதில் 14500 என்ற லித்தியம் செல்லைப் போடுவது நான் மிகவும் பயப்படும் தவறு. 14 மில்லிமீட்டர் விட்டம், 50 மில்லிமீட்டர் நீளம், ஏஏ பேட்டரியின் இடத்தில் அப்படியே உட்காரும். ஆனால் முழு சார்ஜில் ஒன்றே 4.2 வோல்ட். நான்கையும் போட்டால் 16.8 வோல்ட், 6 வோல்ட் மோட்டாருக்கு. இரண்டு செல்லும், இடத்தை நிரப்பி மின்சாரத்தைக் கடத்த மட்டும் செய்யும் இரண்டு டம்மியுமாகப் போட்டாலும், மோட்டார் கிளம்பும் நொடியில் இழுக்கும் மின்னோட்டம் அந்தச் சின்ன செல்லுக்கு அதிகம். சூடாகிறது என்று தெரிவதற்குள் காரியம் கைமீறலாம். பெயர் தெரியாத செல்லில் ஒட்டியிருக்கும் திறன் எண்ணையும் நம்ப வேண்டாம்.

ரிமோட்டில் ஓடும் ஆர்சி கார்களுக்கு வரும் லிப்போ (லித்தியம் பாலிமர்) பேட்டரிதான் சரியான வழி, அதுவும் ஒழுங்கு தெரிந்தவர்களுக்கு. இரண்டு செல் பேக் 7.4 வோல்ட், மூன்று செல் 11.1 வோல்ட். கூடவே வந்த மோட்டாரை வைத்துக்கொண்டு மூன்று செல் மாட்டினால், மோட்டாருக்குள் மின்சாரத்தைக் கடத்தும் பிரஷ் சீக்கிரமே தேய்ந்துவிடும். மோட்டார் மாறினால் வயரும் மாற வேண்டும், ஸ்விட்சும் மாற வேண்டும். உள்ளே இருக்கும் முடிபோன்ற வயர் அந்த மின்னோட்டத்துக்குச் செய்யப்பட்டதல்ல. 18 கேஜ் சிலிகான் வயரும் 10 ஆம்பியருக்கு மேல் தாங்கும் மைக்ரோ ஸ்விட்சும் சென்னை ரிச்சி ஸ்ட்ரீட்டில் கேட்டால் கிடைக்கும்.

வயர் மாற்றும்போது பலர் எடுத்தெறிவது ஒரு சின்ன மஞ்சள் வில்லை மாதிரியான பாகம். டார்ட் சிக்கி மோட்டார் நின்றுபோனால் சூடேறி மின்னோட்டத்தைக் குறைப்பது அதன் வேலை. பெரிய மின்னோட்டத்துக்கு அது ஒத்துவராது என்பதால் எடுக்கத்தான் வேண்டியிருக்கும். அந்த இடத்தில் ஒரு ஃபியூஸ் போடுங்கள். டார்ட் சிக்கினால் உடனே விசையை விடுங்கள். டார்ட் சிக்கினால் திறக்கும் கதவில் இருக்கும் ஸ்விட்சையும் பலர் நீக்கிவிடுகிறார்கள். அது இல்லையென்றால் கதவு திறந்திருக்கும்போதும் சக்கரம் சுற்றும், விரல் அங்கேதான் இருக்கும். குழந்தைகள் இருக்கிற வீட்டில் அதை நீக்குவதை நான் ஏற்கவே மாட்டேன்.

வயரை சால்டரிங் செய்யும்போது, மோட்டாரில் வயர் சேரும் காதில் சூடான சால்டரிங் இரும்பை வைத்துக்கொண்டே இருந்தால் பின்பக்கப் பிளாஸ்டிக் உருகி பிரஷ் கோணலாகிவிடும். பேட்டரியை மாட்டுவதற்கு முன் மல்டிமீட்டரில் ஷார்ட் இருக்கிறதா என்று பாருங்கள். இரண்டு மோட்டாரும் எதிரெதிராகச் சுற்ற வேண்டும் என்பதால் ஒன்றுக்கு பிளஸ், மைனஸ் மாறி வரும். மேல் ஓட்டை மூடுவதற்கு முன்பே மோட்டாரை ஓட்டிப் பார்த்துவிடுங்கள்.

லிப்போவில் ஒரு செல் 3 வோல்ட்டுக்குக் கீழே இறங்கக்கூடாது, இறங்கினால் கெட்டுப்போகும். சின்ன அலாரம் ஒன்றை மாட்டி வைத்தால் முன்கூட்டியே கத்தும். எல்லா செல்லையும் சமமாக நிரப்பும் பேலன்ஸ் சார்ஜரில்தான் சார்ஜ் செய்ய வேண்டும். 1300 எம்ஏஎச் பேக் என்றால் 1.3 ஆம்பியரைத் தாண்ட வேண்டாம். விட்டுவிட்டுத் தூங்கப் போகாதீர்கள். உப்பிய பேக்கை மறுபடி மாட்டாதீர்கள். விளையாடாத நாட்களில் ஒரு செல்லுக்கு 3.8 வோல்ட் அளவில் வைத்து, துப்பாக்கியிலிருந்து கழற்றித் தனியாக வையுங்கள்.

வேகம் கூடினால் என்ன ஆகிறது

ஒரு எலைட் டார்ட்டின் எடை ஏறக்குறைய 1 கிராம். கடையிலிருந்து வந்த நிலையில் நொடிக்கு 70 அடி, அதாவது சுமார் 21 மீட்டர் வேகம். வேகத்தை இரண்டு மடங்காக்கினால் அடியின் ஆற்றல் நான்கு மடங்காகும். ‘ஃபோம்தானே’ என்ற பேச்சு இங்கே எடுபடாது. லண்டன் மூர்ஃபீல்ட்ஸ் கண் மருத்துவமனை மருத்துவர்கள் 2017-இல், நெர்ஃப் டார்ட் பட்டுக் கண்ணின் முன்பகுதியில் ரத்தம் கசிந்த மூன்று பேரைப் பற்றி எழுதினார்கள். அவர்களில் ஒருவன் 11 வயதுச் சிறுவன். பவர் கண்ணாடி இதற்குப் பாதுகாப்பு ஆகாது. ஐஎஸ் 5983 முத்திரை உள்ள பாலிகார்பனேட் கண்ணாடியை ஹார்டுவேர் கடையில் வாங்கி, சோதித்துப் பார்க்கிறவர் உட்பட அறையில் இருக்கும் எல்லோரும் போட வேண்டும். பெட்டியில் 8 வயதுக்கு மேல் என்று இருக்கலாம். வேகம் கூட்டிய பிறகு அந்த எண்ணுக்கு அர்த்தமில்லை.

மலிவு டார்ட்டுகளில் சிலவற்றின் தலை கல் மாதிரி இருக்கும், சிலவற்றில் ஒட்டு விட்டுத் தலையே தனியாகப் பறக்கும். நகத்தால் அழுத்திப் பாருங்கள், லேசாக இழுத்துப் பாருங்கள், சந்தேகம் வந்தால் தூக்கிப் போடுங்கள். மடங்கிய டார்ட் எந்தத் துப்பாக்கியிலும் நேராகப் போகாது. டார்ட்டை மேகசினில் மாதக்கணக்கில் அடைத்து வைத்தாலும் ஃபோம் நசுங்கிவிடும். குறி தவறுகிறது என்று துப்பாக்கியைப் பிரிப்பதற்கு முன், புது டார்ட் போட்டுப் பாருங்கள்.

நிறம் அடிப்பவர்களுக்கு ஒன்று. அசல் துப்பாக்கி போலத் தோன்றும் பொம்மைகளுக்கு ஆரஞ்சு முனை வேண்டும் என்று அமெரிக்காவில் 1988-லேயே சட்டம் வந்தது. 2014-இல் கிளீவ்லாந்தில் போலீஸ் சுட்டு இறந்த 12 வயது தமீர் ரைஸின் கையில் இருந்தது, அந்த ஆரஞ்சு முனை இல்லாத ஒரு பொம்மைத் துப்பாக்கி. நீலம், மஞ்சள், பச்சை என்று என்ன நிறம் வேண்டுமானாலும் அடியுங்கள். முழுக் கறுப்பு வேண்டாம், முனையைத் தொட வேண்டாம். தெருவில் கொண்டு போகும்போது பைக்குள் வைத்தே கொண்டு போங்கள்.