சரித்திர டாக்குமெண்டரியில் ஆடப்போகிறவர்கள் சறுக்கும் இடங்கள்

பரதநாட்டிய அரங்கேற்றம் முடித்த கையோடு பாரம்பரிய டாக்குமெண்டரிகளில் ஆட வரும் பினாங்குப் பிள்ளைகள் ஒருவர் மாற்றி ஒருவர் அதே குழியில்தான் விழுகிறார்கள். நேரத்துக்கு வா, ஒத்திகை பார் என்பதெல்லாம் இங்கே வேண்டாம்.

எந்த ஆண்டு என்று கேட்காமல் உடையை எடுத்துக்கொண்டு கிளம்புவது

எரிச்சலைக் கிளப்புவது இதுதான். மராட்டிய மன்னர் இரண்டாம் சரபோஜியின் தஞ்சை அரண்மனைக் காட்சியை (ஆட்சி 1798–1832) ஜார்ஜ்டவுன் பழைய மாளிகை ஒன்றில் எடுக்கிறார்கள் என்று வையுங்கள். ஆடுகிற பிள்ளை வந்து இறங்குவதோ அரங்கேற்ற உடையில்: விசிறி மடிப்பு, இடுப்பில் கொக்கி, எல்லாம் தையல்காரர் கைவேலை. இந்த உடை 1930களில், பரதத்தைப் புது மேடைக்குக் கொண்டுவந்த ருக்மிணி தேவி காலத்தையொட்டி வந்தது. சரபோஜி காலத்தில் கேமரா ஏது? பிற்பாடு எடுத்த 19ஆம் நூற்றாண்டுப் படங்களைப் பாருங்கள்: பைஜாமா மேல் புடவை சுற்றி, முன்கொசுவத்தைக் கொத்தாகத் தொங்கவிட்டிருப்பார்கள். அப்படிக் கட்டி, வீட்டிலேயே ஒருமுறை முழுமண்டி (முழுதாகக் குந்தும் நிலை) போட்டுவிடுங்கள். எங்கே அவிழ்கிறது என்று தெரிந்துவிடும். அங்கே ஊக்கு குத்தாதீர்கள், வெளிச்சத்தில் மின்னும். அதே நிற நூலால் உள்பக்கம் தையல் போடுங்கள்.

உடையோடு போகிறதா? மூலையில் நடராஜர் சிலை, பக்கவாட்டில் உட்கார்ந்த பாட்டுக்காரர்கள். இதுவும் புது மேடையின் வழக்கம். பரதத்தின் பழைய வடிவமான சதிரில், தாளம் தட்டி ஆட்டத்தை நடத்தும் நட்டுவனாரும் இடுப்பில் மிருதங்கம் கட்டியவரும் ஆடுபவளுக்குப் பின்னால் நின்று, அவள் நகர நகரக் கூடவே நகர்வார்கள். உட்காரவைத்து எடுத்த வைட் ஷாட்டை எந்த எடிட்டராலும் காப்பாற்ற முடியாது. மாளிகை வாடகை, லைட், ஆள்கூலி எல்லாம் மறுபடி. இயக்குநர் நாட்டியம் படித்தவரில்லை, உங்களை நம்பித்தான் கூப்பிட்டார். அதனால் போனிலேயே கேளுங்கள்: எந்த ஆண்டு, எந்த ஊர், கோயிலா அரண்மனையா?

டேக்குக்கு டேக் நேரடி நட்டுவாங்கம்

நட்டுவனார் நேரில் தாளம் தட்டினால் வேகம் மாறும். 64 அட்சரம் (தாள எண்ணிக்கை) கொண்ட கோர்வை, அதாவது அடவுத் தொடர், நிமிடத்துக்கு 80 அட்சர வேகத்தில் 48 விநாடி. அடுத்த டேக்கில் உற்சாகத்தில் 84 ஆனால் 45.7 விநாடி. குளோசப்பும் வைடும் ஒட்டவே ஒட்டாது. ஒருமுறை பதிந்த பாட்டையே எல்லா டேக்குக்கும் ஓடவிடச் சொல்லுங்கள்.

சலங்கை

யாராவது பேசும் டேக்கில் கழற்றிவிடுங்கள்.

தரை

நண்பகல் கோயில் பிரகாரக் கல் பாதத்தைப் பொசுக்கும். காலை எட்டுக்குள் கேளுங்கள்.

ஒப்பந்தம்

"எல்லா ஊடகத்திலும், நிரந்தரமாக" என்று எழுதியிருந்தால் ஒருநாள் சம்பளத்துக்குக் கையெழுத்துப் போடாதீர்கள். அதற்குத் தனியாக எத்தனை வெள்ளி என்று பேசிவிட்டுப் பேனாவை எடுங்கள்.