கார்ன்பிரெட் சுடும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

அமெரிக்காவின் தென் மாநிலங்களில் வேகவைத்த பீன்ஸுக்கும் கொலார்டு கீரைக்கும் துணையாக வைக்கப்படும் கார்ன்பிரெட், மக்காச்சோளக் குறுணையைப் புளித்த மோரில் கரைத்து, இரும்பு வாணலியில் ஊற்றி ‘அவன்’ (oven) அடுப்பில் சுடும் எளிய ரொட்டியாகும். முட்டையும் பேக்கிங் பவுடரும் சேர்வதால் பலர் இதைக் கேக்காகவே எண்ணிக்கொண்டு செய்கிறார்கள். வீட்டில் நேரும் பிழைகள் பெரும்பாலும் அந்த எண்ணத்திலிருந்தே தொடங்குகின்றன.

முதல் தவறு கடையிலேயே நேர்ந்துவிடுகிறது. நம் ஊரில் கார்ன் ஃப்ளோர் என்று விற்கப்படும் வெள்ளைப் பொடி, சூப்பைக் கெட்டியாக்க உதவும் வெறும் மாவுச்சத்து. அதில் இந்த ரொட்டி வராது. வட இந்திய மக்கி ரொட்டிக்கான நைஸ் மாவை மட்டும் பயன்படுத்தினால் ரொட்டி இறுகிவிடும். மெல்லிய ரவைப் பதத்தில் உடைத்த மக்காச்சோளமே ஏற்றது. குறுணை சற்றுப் பெரிதாக இருந்தால், அதை மட்டும் மோரில் கால் மணி நேரம் ஊறவிட வேண்டும். இல்லாவிட்டால் வெந்த பின்னும் பல்லில் நறநறக்கும். முளைக்கருவோடு கல்லில் அரைத்த குறுணையில் எண்ணெய்ச் சத்து இருப்பதால், வெளியே வைத்தால் விரைவில் காறல் வாடை வந்துவிடும். அதை ஃப்ரிட்ஜில் வைப்பதே முறை.

மோர் என்றதும் நாம் குடிக்கும் நீர்மோரை ஊற்றிவிடக் கூடாது. அங்கே பயன்படுத்துவது கெட்டியான, புளிப்பேறிய மோர். புளித்த தயிரில் சிறிது பால் விட்டுக் கடைந்தால் ஏறத்தாழ அந்தப் பதம் கிடைக்கும். அந்தப் புளிப்போடு சேர்ந்துதான் சோடா உப்பு வாயுவை வெளியிட்டு மாவை எழுப்புகிறது. புளிப்பில்லாத பாலை ஊற்றிவிட்டுச் சோடாவை மட்டும் போட்டால் ரொட்டி எழும்பாது, சோப்பு வாடையும் அடிக்கும். இரண்டு கப் குறுணைக்கு அரைத் தேக்கரண்டி சோடாவும் ஒரு தேக்கரண்டி பேக்கிங் பவுடரும் போதும். சோடாவைக் கடைசியில் சேர்த்து உடனே அவனுக்கு அனுப்ப வேண்டும். கலந்த மாவை ஓரமாக வைத்துவிட்டு வேறு வேலை பார்த்தால் வாயு வீணாகிவிடும்.

எல்லாவற்றையும்விடப் பெரிய தவறு, காயாத பாத்திரத்தில் மாவை ஊற்றுவது. தோசைக்கல் காயாவிட்டால் தோசைக்கு என்ன ஆகுமோ அதுதான் இங்கும் ஆகும்: அடி ஒட்டும், மொறுமொறுப்பு வராது. அவனை 220 டிகிரி செல்சியஸுக்குச் சூடேற்றும்போதே வாணலியையும் உள்ளே வைத்துவிட வேண்டும். நன்றாகக் காய்ந்தபின் வெளியே எடுத்து, கொழுப்பை விட்டுச் சுழற்றி, மாவை ஊற்றும்போது ஓரங்களில் ‘சொய்’யென்று சத்தம் எழ வேண்டும். பன்றிக்கொழுப்பு அங்கே பழைய வழக்கம். வெண்ணெய் அந்தச் சூட்டில் கருகிவிடக்கூடும் என்பதால், என்னைக் கேட்டால் நெய்யே மேல். மரக்கைப்பிடி உள்ள வாணலியை அவனுக்குள் வைக்கக் கூடாது. வெளியே எடுத்த இரும்புப் பிடியின் மேல் ஒரு துணியைப் போட்டுவைப்பது கைக்கு நல்லது.

உதிர்கிறதே என்று கோதுமை மாவோ மைதாவோ கூட்டிக்கொண்டே போவதும் தவறு. மக்காச்சோளத்தில் மாவைப் பிணைக்கும் பசைத்தன்மை கிடையாது, ஆகவே சற்று உதிர்வது அதன் இயல்பு. கால் பங்குக்கு மேல் மைதா சேர்ந்தால் சோள மணம் அடங்கிப்போகும். மைதா சேர்த்த மாவை அதிகம் அடித்துக் கலக்கினால் ரொட்டி இழுபடும். சர்க்கரை விஷயத்தில் தென் மாநிலத்தவருக்குள்ளேயே ஒத்த கருத்து இல்லை. எஃகு உருளைகளால் அரைக்கும் மாவு ஆலைகள் வந்து முளைக்கருவை நீக்கி அரைக்கத் தொடங்கியபின் குறுணையின் இயற்கை இனிப்புக் குறைந்ததால்தான் சர்க்கரை நுழைந்தது என்று உணவு வரலாற்றாளர் பலர் சொல்கிறார்கள். சேர்ப்பதானால் ஒரு மேசைக்கரண்டியோடு நிறுத்துவது நலம். மிகுந்தால் உள்ளே வேகுமுன் மேல்பரப்புக் கருகிவிடும்.

இருபது முதல் இருபத்தைந்து நிமிடத்தில் ஓரம் வாணலியை விட்டு விலகும். அதற்குமேல் சுட்டால் வறண்டுவிடும். வெந்ததை வாணலியிலேயே ஆறவிட்டால் ஆவியில் அடி நமத்துப்போகும் என்பதால், சில நிமிடங்களில் கம்பித் தட்டில் கவிழ்த்துவிட வேண்டும். மறுநாள் மீந்ததை மைக்ரோவேவில் சூடாக்காமல், துண்டுகளாக்கி நெய்விட்டுக் கல்லில் வாட்டலாம். அல்லது அங்கே பலர் செய்வதுபோல் ஒரு டம்ளர் குளிர்ந்த மோரில் உதிர்த்துப் போட்டுக் கரண்டியால் சாப்பிடலாம்.