சேபர் வழியில் ஒரே நடிகரை இருவராக எடுப்பது எப்படி

1913-இல் வந்த ‘பிராக் மாணவன்’ என்ற ஜெர்மன் மௌனப்படத்தில், கண்ணாடியில் தெரியும் பிம்பம் சட்டத்தைத் தாண்டி அறைக்குள் நடந்து வரும். ஆளும் பிம்பமும் நடிகர் பால் வெகெனரேதான். ஒளிப்பதிவு கீடோ சேபர், கெம்னிட்ஸ் நகரத்துப் புகைப்படக்காரரின் மகன். பெர்லினை அடுத்த பாபல்ஸ்பெர்க்கில் 1912 பிப்ரவரியில் படப்பிடிப்பு தொடங்கிய, வெளிச்சம் உள்ளே வரக் கண்ணாடியால் கட்டிய படப்பிடிப்புக் கூடத்தைக் கட்டுவித்தவரும் அவர்தான். ஒரே படச்சுருளை இருமுறை ஓட்டி, ஒவ்வொரு முறையும் படச்சட்டத்தின் ஒரு பாதியை மட்டும் பதியும் இந்த வித்தையை அவர் கேமராவுக்குள்ளேயே முடித்தார். எனக்கு அவர்மேல் இத்தனை மதிப்பு வந்ததே அதனால்தான். என் பழைய 16 மி.மீ. போலெக்ஸ் ஃபிலிம் கேமராவில் அதைச் செய்து பார்த்துக் கற்றதைச் சொல்கிறேன்.

முதலில் கோடு எங்கே விழும் என்று முடிவு செய்யுங்கள். படச்சட்டத்தை இரண்டாகப் பிரிக்கும் அந்தக் கோடு ஒரு தூணின் விளிம்பிலோ கதவு நிலையிலோ விழுந்தால் கண்ணுக்குத் தப்பிவிடும். வெறும் வெள்ளைச் சுவரில் விழுந்தால் உடனே காட்டிக்கொடுக்கும். தரையிலும் அதே கோட்டைச் சாக்கட்டியால் போடுங்கள், நடிகர் அதைத் தாண்டக் கூடாது. என் முதல் முயற்சியில் நண்பர் கையை நீட்டிப் பேசினார். படத்தில் அவர் விரல்கள் நான்கும் பாதியில் வெட்டுப்பட்டுக் கிடந்தன.

லென்ஸுக்கு முன்னால் கருப்பு அட்டையை வைத்துப் பாதியை மறைக்க வேண்டும். அட்டை லென்ஸை நெருங்க நெருங்க விளிம்பு மங்கலாகும், இரு பாதிகளும் மெல்லக் கலக்கும். அப்பெர்ச்சரை, அதாவது லென்ஸில் ஒளி நுழையும் துளையைச் சிறிதாக்கினால் விளிம்பு கூர்மையாகிவிடும். அதனால் படமெடுக்கப் போகும் அப்பெர்ச்சரை வைத்த பிறகே அட்டையின் இடத்தைச் சரிபாருங்கள். ஒரு பாதியை எடுத்து முடிக்கும்வரை அதைத் தொடவே கூடாது.

இனி எண்ணிக்கை. அந்தக் காலத்துக் கேமராவில் கைப்பிடியை ஒரு முறை சுற்றினால் 8 ஃபிரேம் ஓடும். நொடிக்கு இரண்டு சுற்று, 16 ஃபிரேம். பத்து நொடிக் காட்சிக்கு 20 சுற்று. முதல் பாதி முடிந்ததும் லென்ஸை மூடிவிட்டு அதே 20 சுற்று பின்னோக்கிச் சுற்றுங்கள். அட்டையை மறுபக்கம் மாற்றி, நடிகரின் உடையையும் மாற்றி, மறுபடி எடுங்கள்.

ஒலிப்பதிவு இல்லாததால் எண்ணிக்கையை உரக்கச் சொல்லலாம், அது பெரிய வசதி. “ஏழு” என்றதும், முதல் ஆளாக நடித்த நண்பர் திடுக்கிட்டுப் பின்வாங்கினார். இரண்டாம் பாதியை எடுக்கும்போது அதே “ஏழு”க்கு, இரண்டாம் ஆளாக அவரே ஓரடி முன்னால் வைத்தார். பார்வை தவறாமலிருக்க, எதிர் ஆளின் கண் உயரத்தில் ஒரு குச்சியை நட்டு, அது மறைக்கப்பட்ட பாதிக்குள் இருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள்.

வெயிலில் எடுத்தால் இரண்டு பாதிகளுக்கும் நடுவே நேரத்தை வீணாக்காதீர்கள். நிழல் நகர்ந்துவிட்டால் ஒரே அறையில் இரண்டு சூரியன் தெரியும். முக்காலியின் கால்களை மணல் மூட்டையால் அழுத்தி வையுங்கள்.

இரு பாதிகளுக்கு நடுவே இடைவெளி விழுந்தால் கறுப்புப் பட்டை வரும், ஒன்றின்மேல் ஒன்று ஏறினால் வெளிர்ப் பட்டை வரும். கழுவிப் பார்க்கும்வரை எது என்று தெரியாது. அதனால் அட்டையை மயிரிழை நகர்த்தி மூன்று முறை எடுத்து, ஒவ்வொன்றின் இடத்தையும் நோட்டில் குறித்து வையுங்கள்.